பைன் மரத் தாழ்வாரம்

டோக்கியோவில் நான் வேலை பார்த்த ஆண்டுகளில், எங்கள் அலுவலகத்தில் ஓய்வுபெறும் வயதை எட்டிக்கொண்டிருந்த ஒரு முதியவர் எனக்கு எதிர் மேசையில் இருந்தார். பழைய படங்களின் மேல் எனக்கிருந்த கிறுக்கு அவருக்குத் தெரியும். ஒரு டிசம்பர் மாலை, மௌனப்படம் ஒன்றைப் பென்ஷியின் நேரடிக் குரலோடு காட்டுகிறார்கள், நுழைவுச்சீட்டு ஒன்று கூடுதலாக இருக்கிறது, வருகிறீர்களா என்று கேட்டார். என்ன படம் என்றேன். "டிசம்பர் மாதத்தில் வேறு என்ன? சூஷின்குராதான்" என்றார். அதைச் சொல்லும்போது அவர் உதட்டோரத்தில் ஒரு கோணல் சிரிப்பு வந்து போயிற்று. அதற்கு நான் பொருள் தேடவில்லை.

கதை பலருக்கும் தெரிந்திருக்கும். தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1701 ஏப்ரல் 21 அன்று எடோ கோட்டைக்குள், கதவுப் பலகைகளில் பைன் மரங்கள் தீட்டப்பட்ட நீண்ட தாழ்வாரம் ஒன்றில், அக்கோ என்ற பகுதியின் பிரபுவான அசானோ நகனோரி, ஷோகுனின் சடங்கு அதிகாரியாகிய கிரா யோஷினகாவைக் குறுவாளால் வெட்டினார். பேரரசரின் தூதர்களை உபசரிக்கும் பொறுப்பு அவ்வாண்டு அசானோவுக்கு விதிக்கப்பட்டிருந்தது. அதற்கான முறைமைகளைச் சொல்லித்தர வேண்டியவர் கிரா. நெற்றியிலும் முதுகிலும் காயம் பட்டுக் கிரா பிழைத்துக்கொண்டார். கோட்டைக்குள் வாளை உருவுவதே மன்னிக்கப்படாத குற்றம். அன்று மாலைக்குள் அசானோ செப்புக்கு செய்துகொள்ளும்படி ஆணை வந்தது. வயிற்றைக் கிழித்துக்கொண்டு இறந்தார். அவருடைய நாடும் கோட்டையும் பறிக்கப்பட்டன. முந்நூறுக்கும் மேற்பட்ட சாமுராய்கள் ஒரே நாளில் தலைவனற்ற ரோனின்கள் ஆனார்கள். கிராவுக்குத் தண்டனை எதுவும் இல்லை.

அசானோவின் முதன்மை அமைச்சர் ஓயிஷி குரனோசுகே. அவர் கோட்டையை அமைதியாக ஒப்படைத்துவிட்டுக் கியோட்டோவை அடுத்த யமாஷினாவில் குடியேறினார். மனைவியைப் பிறந்தகத்துக்கு அனுப்பினார். கணிகையர் தெருக்களில் குடித்துக் கிடந்தார். உளவாளிகளின் கண்ணில் மண்ணைத் தூவத்தான் அத்தனையும் என்கிறது கதை. ஒன்றே முக்கால் ஆண்டு கழித்து, 1703 ஜனவரியின் இறுதியில், ஒரு குளிர்கால இரவில் நாற்பத்தேழு பேர் எடோவில் இருந்த கிராவின் மாளிகைக்குள் புகுந்தார்கள். அவருடைய தலையைக் கொண்டுசென்று செங்காகுஜி ஆலயத்தில் இருந்த தம் தலைவனின் கல்லறை முன் வைத்தார்கள். பின்பு அரசிடம் தம்மை ஒப்புக்கொடுத்தார்கள். மார்ச் 20 அன்று நாற்பத்தாறு பேர் செப்புக்கு செய்துகொண்டார்கள். ஓயிஷியின் மகன் சிகரா அவர்களில் இளையவன். ஜப்பானியக் கணக்கில் அவனுக்கு வயது 16.

செஞ்சோற்றுக்கடன் என்ற சொல்லோடு வளர்ந்தவனுக்கு இந்தக் கதை பிடிபட நேரமாகாது. எனக்கு அது முதல் வாசிப்பிலேயே நெஞ்சில் ஒட்டிக்கொண்டது.

அன்று நாங்கள் பார்த்தது ஷோஸோ மகினோ 1910களில் இயக்கிய மௌனப்படம். மகினோவை ஜப்பானியத் திரைப்படத்தின் தந்தை என்பார்கள். கியோட்டோவில் சென்போன்ஸா என்ற நாடகக் கொட்டகையை நடத்திவந்தவர். 1908இல் முதல் படத்தை எடுத்தார். ஊர் ஊராகச் சென்று நடித்துக்கொண்டிருந்த மத்ஸுனோசுகே ஒனோஎ என்ற கபூகி நடிகரைக் கண்டெடுத்து 1909இல் கேமராவுக்கு முன்னால் நிறுத்தினார். மத்ஸுனோசுகே கண்களை உருட்டி விழிப்பதில் வல்லவர். 'கண்முழி மத்சான்' என்று ஜப்பான் முழுக்கச் சிறுவர்கள் அவரைக் கொஞ்சினார்கள். 1926இல் அவர் இறப்பதற்குள் ஏறக்குறைய ஆயிரம் படங்களில் நடித்திருந்தார் என்கிறார்கள். அவற்றில் எஞ்சியவற்றை விரல்விட்டு எண்ணிவிடலாம். நைட்ரேட் படச்சுருள் தானே தீப்பிடிக்கும், தானே பொடியும். போதாக்குறைக்கு 1923 செப்டம்பர் 1 நிலநடுக்கம், பிறகு போர், குண்டுவீச்சு. அந்தக் காலத்து ஜப்பானியப் படங்களில் மிகச் சிறு பங்கே நமக்குக் கிடைத்திருக்கிறது.

இந்தப் படத்தைச் சினிமா என்று சொல்ல நண்பர்கள் சிலர் தயங்கக்கூடும். நாடக மேடையின் முதல் வரிசையில் அமர்ந்திருப்பவரைப்போலக் கேமரா பெரும்பாலும் இடம்விட்டு அசையாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. அண்மைக் காட்சி என்று ஒன்று இல்லை. பெண் வேடங்களில் ஆண்கள். மத்ஸுனோசுகே மூன்று வேடங்களில் வருகிறார்: அசானோவும் அவரே, ஓயிஷியும் அவரே, கிராவின் மெய்க்காவலனும் அவரே. இறந்த தலைவனும் பழிவாங்கும் ஊழியனும் ஒரே முகம். மகினோ இதையெல்லாம் யோசித்துச் செய்திருப்பார் என்று நான் நினைக்கவில்லை. கையில் இருந்த ஒரே நட்சத்திரத்தை எத்தனை முறை காட்ட முடியுமோ அத்தனை முறை காட்டியிருக்கிறார், அவ்வளவுதான். முதலில் கதை, இரண்டாவது தெளிவான படம், மூன்றாவது அசைவு என்பது அவர் தம் சீடர்களுக்குச் சொன்ன சூத்திரம். 

ஆனால் அன்று என்னை ஆட்கொண்டது திரைக்குப் பக்கத்தில், சிறு விளக்கின் கீழ் நின்றிருந்தவர்.

பென்ஷியைப் பற்றி இரண்டு வார்த்தை. ஜப்பானில் மௌனப்படம் ஒருபோதும் மௌனமாக ஓடியதில்லை. திரையின் ஓரத்தில் ஒருவர் நின்று கதையைச் சொல்வார், ஆணுக்கும் பெண்ணுக்கும் குழந்தைக்கும் மாறி மாறிப் பேசுவார். ஷாமிசென்னும் வயலினும் சேர்ந்து பின்னால் ஒலிக்கும். நம்மூர்க் கொட்டகைகளிலும் மௌனப்படக் காலத்தில் கதை சொல்ல ஆள் இருந்ததுண்டு. ஆனால் ஜப்பானில் அது ஒரு பெருங்கலையாகவே வளர்ந்தது. நடிகர்களைவிடப் பென்ஷிகளின் பெயருக்காகக் கூட்டம் கூடியது. பேசும்படம் வந்ததும் அவர்கள் நடுத்தெருவில் நின்றார்கள். 1930களின் தொடக்கத்தில் வேலைநிறுத்தம்கூடச் செய்து பார்த்தார்கள். அகிரா குரோசவாவின் அண்ணன் ஹெய்கோ ஒரு பென்ஷி. அவர் 1933இல் தற்கொலை செய்துகொண்டார். இன்று அந்தக் கலையைக் கைக்கொண்டிருப்பவர்கள் சிலரே.

அன்றைய பென்ஷி ஓர் இளம்பெண். தாழ்வாரக் காட்சி வந்தது. கிராவாக நடிப்பவர் அசானோவைப் பார்த்து உதட்டை அசைக்கிறார். நூறாண்டுகளுக்கு முன் கியோட்டோவின் ஏதோ ஒரு திறந்தவெளியில் அந்த நடிகர் என்ன சொன்னார் என்பது யாருக்கும் தெரியாது. ஒருவேளை மதியச் சோற்றைப் பற்றிப் பேசியிருக்கலாம். பென்ஷி அந்த உதடுகளுக்குக் கரகரத்த, எச்சில் ஒழுகும் ஒரு குரலைக் கொடுத்தார். நாட்டுப்புறத்தான், கிணற்றுத் தவளை என்றெல்லாம் அந்தக் குரல் ஏளனம் செய்தது. அரங்கில் இருந்த அத்தனை பேரோடும் சேர்ந்து நானும் கிராவை வெறுத்தேன். வெட்டு விழுந்தபோது என் கை நாற்காலியின் பிடியை இறுக்கிக்கொண்டது. மனம் வெட்டு, வெட்டு என்றது.

பிறகுதான் அந்தச் சிறு உறுத்தல் தொடங்கியது. கிரா உண்மையில் என்னதான் சொன்னார்?

வரலாறு இதற்குப் பதில் தருவதில்லை. அன்று அசானோவைப் பின்னாலிருந்து இறுக்கிப் பிடித்து நிறுத்திய கஜிகவா என்ற அதிகாரி எழுதிவைத்த குறிப்பு இருக்கிறது. பழைய பகை ஒன்றைச் சொல்லி அசானோ கத்தியதாக அதில் வருகிறது. என்ன பகை, எப்போது மூண்டது, யார் என்ன செய்தார்கள் என்பது அதில் இல்லை. விசாரணையில் அசானோ காரணத்தை விளக்கவில்லை. மாலைக்குள் அவர் உயிரோடும் இல்லை. ஜப்பானின் மிகப் புகழ்பெற்ற பழிவாங்கல் கதையின் நடுவில், அது எதற்காக என்ற இடத்தில், ஒரு வெற்றிடம் இருக்கிறது. உதடுகள் அசைகின்றன, சத்தம் இல்லை.

அந்த வெற்றிடத்தில் முந்நூறு ஆண்டுகளாக ஆளாளுக்குக் குரல் கொடுத்திருக்கிறார்கள். கிரா எதிர்பார்த்த கையூட்டை அசானோ தரவில்லை என்றார்கள். சடங்குக்கு எந்த உடை என்பதைத் தவறாகச் சொல்லி அவமானப்படுத்தினார் என்றார்கள். அக்கோவும் உப்பு விளையும் நாடு, கிராவின் நிலமும் உப்பு விளையும் நாடு, உப்பு வணிகப் போட்டிதான் என்று பிற்காலத்தில் சிலர் சொன்னார்கள். 1748இல் ஒசாகாவின் தகேமோதோஸாவில் அரங்கேறிய பொம்மலாட்டம்தான் இந்தக் கதைக்குச் சூஷின்குரா என்ற பெயரைத் தந்தது. தணிக்கைக்கு அஞ்சி அது கதையைப் பதினான்காம் நூற்றாண்டுக்குத் தள்ளிவைத்து, எல்லாப் பெயர்களையும் மாற்றி, காரணத்தையும் புதிதாகப் படைத்துக்கொண்டது: வில்லன் நாயகனின் மனைவிமேல் ஆசைப்பட்டானாம். நாற்பத்தேழாமவரான தெரசாகா கிச்சியெமோன் காலாட்படை வீரர். அவர் ஒருவர் மட்டும் தண்டனைக்கு உள்ளாகாமல் நெடுங்காலம் வாழ்ந்து, அந்தப் பொம்மலாட்டத்துக்கு முந்தைய ஆண்டில், 1747இல், 83 வயதில் இறந்தார். உள்ளே நடந்ததைக் கண்ணால் கண்ட கடைசி மனிதர் போய்ச் சேர்ந்த மறு ஆண்டே மேடையில் பொம்மைகள் பேசத் தொடங்கிவிட்டன.

இதை நான் எழுத நேர்ந்ததன் காரணத்தை இங்கே சொல்லியாக வேண்டும்.

1990களின் நடுவில் எங்கள் ஊரில் ஒரு சிற்றிதழைச் சுற்றி ஐந்தாறு இளைஞர்கள் இருந்தோம். இதழின் ஆசிரியரே எங்களுக்கு எல்லாம். அவர் படிக்கச் சொன்னதைப் படித்தோம், சிரித்தால் சிரித்தோம். ஓர் இலக்கியக் கூட்டத்தின் இடைவேளையில், மண்டபத்தின் நடைவழியில், மூத்த நாவலாசிரியர் ஒருவர் எங்கள் ஆசிரியரிடம் ஏதோ சொன்னார். நாங்கள் தூரத்தில் தேநீர்க் குவளைகளோடு நின்றிருந்தோம். ஆசிரியரின் முகம் வெளுத்ததை மட்டும் பார்த்தோம். அவர் ஒன்றும் சொல்லாமல் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியேறினார். அன்றிரவு பேருந்து நிலையத்தில் நின்று நாங்கள் முடிவெடுத்துவிட்டோம். சில மாதங்களில் அந்த நாவலாசிரியரின் புது நாவல் வந்தது. வேறொரு இதழில் எட்டுப் பக்கங்களுக்கு அதைக் கிழித்து எழுதினோம். எழுதியவன் நான். வாக்கியங்களை மற்றவர்கள் கூர்தீட்டினார்கள். அதில் விமர்சனம் என்று சொல்லத்தக்கதாக ஒரு பத்தி இருந்திருக்கும். மிச்சமெல்லாம் அந்த மனிதரின் வயதைப் பற்றியும் வழுக்கையைப் பற்றியும் அவர் வாங்கிய விருதைப் பற்றியும்தான். ஆசிரியரிடம் இதழைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். இரண்டு நாள் கழித்து, "படித்தேன்" என்றார். அதற்குமேல் அவர் ஒரு சொல்லும் சொல்லாததை நாங்கள் பாராட்டு என்று எடுத்துக்கொண்டோம்.

நாவலாசிரியர் அதன்பின் நாவல் எதுவும் எழுதவில்லை. எங்கள் கட்டுரைதான் காரணம் என்று சொல்வது எங்களைப் பெரிதாக்கிக்கொள்வதாகும். அவருக்கு வயதாகியிருந்தது, நோயும் இருந்தது. அவர் இறந்தபோது எங்களில் ஒருவரும் போகவில்லை.

டோக்கியோவின் அந்த அரங்கில், எச்சில் ஒழுகும் அந்தக் குரலைக் கேட்டுக்கொண்டிருக்கையில், நடைவழியில் அந்த மனிதரின் உதடுகள் அசைந்தது எனக்கு அப்படியே நினைவுக்கு வந்தது. அவர் என்ன சொன்னார் என்பது அன்றும் எனக்குத் தெரியாது, இருபது ஆண்டுகளாகத் தெரியாது. அசானோ அன்றே இறந்துவிட்டார், ஓயிஷியால் அவரைக் கேட்டிருக்க முடியாது. எங்கள் ஆசிரியர் அதற்குப் பிறகு பத்தாண்டுகளுக்குமேல் உயிரோடு இருந்தார். நாங்கள் கேட்கவே இல்லை.

படத்துக்குத் திரும்புகிறேன். சூஷின்குராவின் பல வடிவங்களிலும் வரும் ஒரு காட்சி உண்டு. கபூகியும் கதைசொல்லிகளும் ஊட்டி வளர்த்த கற்பனை அது. ஓயிஷி எடோவுக்குப் போகும் வழியில் ஆயுதங்களோடு பயணம் செய்ய வேண்டும். எனவே உயர்குடி அலுவலர் ஒருவரின் பெயரைச் சூடிக்கொண்டு விடுதியில் தங்குகிறார். அந்தப் பெயருக்கு உரியவரே அங்கு வந்து சேர்ந்துவிடுகிறார். அறையில் இருவரும் நேருக்கு நேர். உண்மையானவர் என்றால் பயண ஆவணத்தைக் காட்டு என்கிறார் வந்தவர். ஓயிஷி எடுத்து நீட்டுகிறார். அது வெற்றுத்தாள். வந்தவர் அந்த வெறுமையைப் பார்க்கிறார். பிறகு ஓயிஷியின் பொருளொன்றில் அசானோ குடும்பத்தின் குறுக்கிட்ட பருந்துச் சிறகுகள் பொறித்திருப்பதைப் பார்க்கிறார். எதிரில் இருப்பவர் யார் என்பது அவருக்கு விளங்கிவிடுகிறது. என்னிடம் இருப்பதுதான் போலி, மன்னியுங்கள் என்று சொல்லித் தன் மெய்யான ஆவணத்தையும் கொடுத்துவிட்டு விலகுகிறார்.

மௌனப்படத்துக்கென்றே செய்த காட்சி என்று தோன்றுகிறது. இரண்டு பேர், ஒரு வெற்றுத்தாள், பேசக்கூடாத ஒரு விஷயம். நல்ல பென்ஷிக்கு இந்த இடத்தில் எப்போது வாயை மூட வேண்டும் என்பது தெரிந்திருக்கும். ஆண்டுதோறும் ஜப்பானியர்கள் இந்தக் காட்சிக்குக் கண்ணீர் விடுகிறார்கள், நானும் விட்டிருக்கிறேன். ஆனால் அந்த மனிதரும் ஓயிஷியிடம் எதையும் கேட்கவில்லை என்பதை இப்போதுதான் கவனிக்கிறேன். சின்னத்தைப் பார்த்தார், பக்கம் சேர்ந்துவிட்டார்.

எல்லோரும் அப்படி இருந்துவிடவில்லை. சம்பவம் நடந்த காலத்திலேயே அறிஞர்கள் இரண்டாகப் பிரிந்து வாதிட்டார்கள். சாமுராய் அறத்தைப் பற்றிய ஹககுரே நூலின் யமமோதோ சுனெதோமோ வேறொரு கோணத்தில் குறை கண்டார்: இவர்கள் ஏன் உடனே பாயவில்லை, இடையில் கிரா நோய்வாய்ப்பட்டு இறந்திருந்தால் என்ன செய்திருப்பார்கள் என்று கேட்டார். அவர் கேள்வியும் பழியின் நேரத்தைப் பற்றியதுதான். பழி சரியா என்பதில் அவருக்கு ஐயமில்லை. பிற்பாடு, 1945இல், ஆக்கிரமிப்பு நிர்வாகம் பழிவாங்கலைப் புகழும் படங்களுக்குத் தடை விதித்தது. சில ஆண்டுகள் கத்திச்சண்டைப் படங்கள் முடங்கின. இந்தத் தடையைப் பற்றி வேறொரு சமயம் விரிவாக எழுதலாம்.

மகினோவைப் பற்றி இன்னொன்று. சூஷின்குரா அவரை விடவில்லை. தமது ஐம்பதாம் வயதை ஒட்டி, பெருஞ்செலவில், நாடகப் பூச்சுகள் நீக்கிய உண்மைக் கதையாக அதை மறுபடியும் எடுத்தார். 'உண்மைப் பதிவு' என்ற சொல்லையே தலைப்பில் சேர்த்துக்கொண்டார். 1928 மார்ச்சில் தம் வீட்டில் அமர்ந்து படத்தொகுப்பு செய்துகொண்டிருந்தபோது விளக்கின் சூட்டில் சுருள் தீப்பற்றியது. வீடும் எரிந்தது, நெகட்டிவில் பெரும் பகுதியும் எரிந்தது. மிஞ்சியதை ஒட்டிச் சேர்த்து அந்த ஆண்டிலேயே வெளியிட்டார்கள். அதே ஆண்டில் கதவோக்கா சியெஸோ, அரஷி கன்ஜூரோ போன்ற இளம் நட்சத்திரங்கள் அவர் நிறுவனத்தை விட்டு வெளியேறினார்கள். விசுவாசத்தைப் பற்றிய படத்தின் சாம்பல் ஆறும் முன்னே என்று எழுதக் கை துறுதுறுக்கிறது; எழுதாமல் விடுகிறேன். அவர்களுக்கும் காரணங்கள் இருந்திருக்கும். மகினோ 1929 ஜூலையில் இறந்தார். எரிந்த பகுதிகளில் அவருடைய 'உண்மைப் பதிவு' எப்படி இருந்தது என்பதை இனி யாரும் பார்க்கப்போவதில்லை.

அரங்கில் இறுதிக் காட்சி. கரி அடுக்கிவைத்த கொட்டிலில் ஒளிந்திருந்த கிராவை வெள்ளை உடையில் வெளியே இழுத்துவருகிறார்கள். பென்ஷி அந்த இடத்தில் கிராவுக்கு ஒரு சொல்லும் கொடுக்கவில்லை. ஷாமிசென் மட்டும் ஒலித்தது. திரையில் அந்தக் கிழவர் எதையோ சொல்லிக்கொண்டேயிருந்தார். பக்கத்தில் திரும்பிப் பார்த்தேன். என் அலுவலக முதியவர் திரையைப் பார்க்காமல் தம் முழங்கால்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திரும்பும் ரயிலில்தான் சொன்னார். அவருடைய சொந்த ஊர் கிரா. அய்ச்சி மாநிலத்தில், 2011இல் நிஷியோ நகரோடு இணைக்கப்பட்ட சிற்றூர். வில்லனின் குடும்பப் பெயரும் அந்த நிலத்தின் பெயரும் ஒன்றுதான். வெள்ளத்தைத் தடுக்க அணை கட்டிக்கொடுத்தவர், சிவப்புக் குதிரையில் ஏறி வயல்களைச் சுற்றிவந்தவர் என்று அங்கே கிராவைப் பற்றிச் சொல்கிறார்கள். குழந்தைகளுக்குச் சிவப்புக் குதிரைப் பொம்மை உண்டு. நீண்டகாலம் அந்த ஊரில் சூஷின்குராவை ஆட மாட்டார்கள், பார்க்கவும் மாட்டார்கள்.

"பிறகு ஏன் வந்தீர்கள்?" என்று கேட்டேன்.

"எழுபது வயதாகப் போகிறது. என்னதான் சொல்கிறார்கள் என்று ஒருமுறையாவது கேட்க வேண்டாமா?" என்றார். பிறகு, "அந்தப் பெண் நன்றாகச் செய்தாள்" என்றார்.

பேரன் யோஷிசிகாவைப் பற்றியும் அவர்தான் சொன்னார். கிரா அவனைத் தத்தெடுத்து வாரிசாக்கியிருந்தார். தாக்குதல் நடந்த இரவில் அவனும் போரிட்டுக் காயமடைந்தான். பதின்வயது தாண்டாதவன். தாத்தாவைக் காக்கத் தவறினான் என்று அவனுக்குத் தண்டனை. குடும்பம் ஒழிக்கப்பட்டு, மலைநாட்டுச் சுவாவுக்கு நாடுகடத்தப்பட்டு, 1706இல் அங்கேயே இறந்தான். நாற்பத்தேழு பேரின் பெயர்களையும் ஒப்பிக்கும் ரசிகர்களைச் சந்தித்திருக்கிறேன். இந்தப் பெயரை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன்.

அடுத்த விடுமுறையில் ஊருக்கு வந்தபோது ஆசிரியரின் வீட்டுக்குப் போனேன். அவர் இறந்து சில ஆண்டுகள் ஆகியிருந்தன. அம்மா காபி கொடுத்தார். சுற்றிவளைத்து அந்த நடைவழிப் பேச்சைக் கேட்டேன்.

"அதயா இன்னும் ஞாபகம் வச்சிருக்க? அவர்கிட்ட ஏதோ கைமாத்து வாங்கித் திருப்பிக் குடுக்கல, தம்பி. நாலு பேருக்கு நடுவுல அவர் கேட்டுட்டாரு. அடுத்த வாரமே இவரு மணியார்டர் அனுப்பிட்டாரு. அப்புறம் ரெண்டு பேரும் கடுதாசி போட்டுக்கிட்டுத்தான் இருந்தாங்க. அவர் போனப்ப இவரு தனியா பஸ் ஏறிப் போயிட்டு வந்தாரே."

"நான் எழுதின கட்டுரை..." என்றேன்.

"அத நான் படிக்கல" என்று சொல்லிவிட்டுக் குவளையை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்.

டோக்கியோ திரும்பிய வசந்தத்தில் முதியவர் தம் ஊருக்கு அழைத்துப்போனார். அதற்கு முன்பே செங்காகுஜியை நான் பார்த்திருந்தேன். வாரநாளிலும் அங்கே கூட்டம் இருக்கும். ஊதுபத்திக் கட்டை வாங்கி வரிசையான கல்லறைகள்தோறும் வைத்துக்கொண்டே போவார்கள், புகையில் கண் எரியும். கிராவின் தலையைத் துறவிகள் பின்னர் அவர் வீட்டாரிடம் ஒப்படைத்தபோது எழுதி வாங்கிய ரசீதுகூட அங்கே பாதுகாக்கப்படுகிறது. கேஸோஜி ஆலயத்தில் கிராவின் குடும்பக் கல்லறைகள் இருக்கின்றன. நாங்கள் போன காலையில் வேறு யாரும் இல்லை. கல்லின் மேல் பாசி படர்ந்திருந்தது.

"செங்காகுஜியில் ஊதுபத்தி விற்கிறார்களாமே?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். அவர் தம் பையைத் துழாவி ஒரு சிறு பெட்டியை எடுத்தார். காற்றுக்கு முதுகைக் காட்டிக் குனிந்து பற்றவைத்தார். இரண்டு முறை அணைந்தது. மூன்றாம் முறை பற்றியதும், இரண்டு குச்சிகளில் ஒன்றை என்னிடம் நீட்டினார்.